ஏணி ஏறாமல் போட்ட கையெழுத்து

மெக்கானிக் மூன்றாவது தடவையாக வந்தபோது அழைப்பு மணியை அடிக்கவில்லை. திறந்திருந்த வாசலில் நின்று பூட்ஸைக் கால்மிதியில் தேய்த்துக்கொண்டே, "மறுபடியும் அணைஞ்சிடுச்சா?" என்று கேட்டார். பத்து நாளில் மூன்று தடவை வந்தவருக்கு வழி காட்ட வேண்டியதில்லை. மருமகள் தலையை ஆட்டிவிட்டு டார்ச்சை மட்டும் எடுத்துக் கொடுத்தாள்.

குளிக்க வெந்நீர் தரும் கேஸ் ஹீட்டர் இருந்தது மாடிப்படிக்கு அடியிலிருந்த சின்ன அறையில். ஜன்னல் கிடையாது. பட்டப்பகலிலும் உள்ளே இருட்டு அப்பிக் கிடக்கும். காற்றுப் போவதற்காகக் கதவில் மரச்சட்டங்களை இடைவெளி விட்டு அடித்திருந்தார்கள். உள்ளே ஆள் உயரத்துக்கு வெள்ளை உருளை ஒன்று, அதன் தலையிலிருந்து கிளம்பிச் சுவரோடு சுவராகக் கூரைக்குப் போகும் தகரப் புகைக்குழாய். அந்த வீட்டுக்குக் குடிவந்து ஒரு மாதம் ஆகிறது. முதல் நாளிலிருந்தே அந்த அறையில் ஒரு வாடை இருந்தது. கேஸ் வாடை இல்லை. நனைந்த இரும்பைக் கையில் வெகுநேரம் பிடித்திருந்தால் உள்ளங்கையில் ஒட்டிக்கொள்ளுமே, அந்த வாடை.

மெக்கானிக் தரையில் குப்புறப் படுத்து மூக்கால் இழுத்துப் பார்த்தார். "கசிவு எதுவும் இல்லம்மா. ஆனா அஞ்சு நிமிஷம் பொறுக்கணும். அணைஞ்சதுமே பத்த வைக்கக் கூடாது. உள்ள தேங்கினது போகட்டும்."

ஐந்து நிமிஷமும் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு குமிழை, சின்னச் சுடருக்கான ‘பைலட்’ குறிக்குத் திருப்பி, உள்ளே அழுத்தி, பொத்தானைத் தட்டினார். நாலாவது தட்டலில் நகக்கண் அளவுக்கு ஒரு நீலச் சுடர் எழுந்தது. அழுத்திய விரலை ஒரு நிமிஷம் எடுக்காமல் வைத்திருந்து மெதுவாக விட்டார். சுடர் நின்றது. குமிழை முழுசாகத் திருப்பியதும் கீழே பெரிய அடுப்பு ‘புஸ்’ஸென்று பற்றிக்கொண்டது.

"சுடர்ல ஒரு குறையும் இல்ல," என்றார் எழுந்து தூசியைத் தட்டிக்கொண்டே. "நான் வந்த மூணு தடவையும் இந்த நாப் ஆஃப்ல இருந்துச்சு. சுடர் தானா அணையலாம். நாப் தானா திரும்பாதும்மா. உள்ள அழுத்தித் திருப்பணும். அதுக்கு ஒரு கை வேணும்."

ஹீட்டரில் கம்பியால் கட்டித் தொங்கிய மஞ்சள் அட்டையில் தேதி எழுதி, வால்வு, சுடர், கசிவு, புகைக்குழாய் என்ற நாலு கட்டத்திலும் டிக் அடித்துக் கையெழுத்துப் போட்டார். ஏணி வெளியே அவர் வண்டியின் மேல் கட்டியபடியே இருந்தது. மருமகள் அதைப் பார்த்தாள். பார்த்தாளே தவிர எதையும் நினைக்கவில்லை.

ஒரு கை வேணும் என்று அவர் சொன்னது, தலையில் துண்டு சுற்றியபடி கூடத்தில் நின்ற நாத்தனார் காதிலும் விழுந்திருந்தது. அவள் கண் நேராக அப்பாவிடம் போனது.

பெரியவர் தன் அறை வாசலில் ஒரு கையால் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார். முப்பத்தைந்து வருஷம் பஸ் டிப்போவில் நேரக் காப்பாளராக இருந்தவர். நூற்றுச் சொச்சம் பஸ்கள் எங்கே எத்தனை மணிக்குக் கிளம்பும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவார். அப்படிப்பட்டவர் இந்த வீட்டுக்கு வந்த இரண்டாவது வாரத்தில், காலைச் சாப்பாடு முடித்த கையோடு, "காலையில சாப்பிட்டேனா?" என்று கேட்டார். மதியம் படுத்தால் அடித்துப் போட்ட மாதிரி தூக்கம். எழுந்தால் தலையைக் கையில் தாங்கிக்கொண்டு, இது யார் வீடு என்பது போல உட்கார்ந்திருப்பார். அவர் அறைக்கும் ஹீட்டர் அறைக்கும் ஒரே சுவர்தான் நடுவில். சுவரின் உச்சியில் காற்றுப் போக ஒரு கம்பி வலை.

"அப்பா, நீங்கதானே திருப்புறீங்க?" என்றாள் நாத்தனார், குழந்தையிடம் கேட்கிற குரலில்.

"நான் ஏன் அதைத் தொடறேன்? அந்த ரூம் பக்கமே நான் போறதில்ல."

"ஏன் மாமா?" என்றாள் மருமகள்.

பெரியவர் குரலைத் தாழ்த்தினார். "அங்க ஒருத்தர் நின்னுக்கிட்டு இருக்காரும்மா."

நாத்தனார் மருமகளைப் பார்த்து, கேட்டியா என்பது போலப் புருவத்தை உயர்த்தினாள்.

வீடு மாற ஒத்தாசைக்கு என்று வந்தவள் நாத்தனார். ஒத்தாசை முடிந்து மூன்று வாரம் ஆகியும் பெட்டியைக் கட்டவில்லை. ஒவ்வொரு நாளும் மதியம் குளியலறைக்குள் போனால் ஒரு மணி நேரம் வெந்நீர் ஓடும். அந்த நேரம் பார்த்துத்தான் ஹீட்டர் அணையும். தலை நிறையச் சோப்பு நுரையோடு குளிர்ந்த தண்ணீரில் மாட்டிக்கொண்டு அவள் போடுகிற சத்தம் தெருமுனை வரைக்கும் கேட்கும். அப்படி மூன்றாவது தடவை மாட்டிக்கொண்ட அன்றுதான் முதியோர் இல்லத்தின் விண்ணப்பத்தைத் தம்பி முன்னால் வைத்தாள். சனிக்கிழமை காலை வண்டி வந்துவிடும்.

"இன்னைக்கு அணைக்கிறவரு நாளைக்குக் கேஸைத் திறந்து விடுவாரு. நாம எல்லாரும் கரியாப் போகணுமா?" என்றாள்.

தம்பி, அதாவது மருமகளின் கணவன், பேனாவை எடுத்தான். கையெழுத்துப் போட்டுவிட்டான்.

மருமகளால் தாங்க முடியவில்லை. கல்யாணமாகி வந்த வருஷம் அவள் ஒரு தையல் மிஷின் வேண்டும் என்றபோது வீட்டில் எல்லோரும் சிரித்தார்கள். மறுநாளே அதைத் தோளில் தூக்கிக்கொண்டு வந்து வைத்தவர் மாமாதான். அவரை ஒரு குமிழுக்காக வண்டியில் ஏற்றி அனுப்புவதா? அவளுக்கு நாத்தனார் மேல்தான் சந்தேகம். அப்பாவை அனுப்ப ஒரு காரணம் வேண்டும், காரணத்தை அவளே திருப்பி வைக்கிறாள் என்று நினைத்தாள். குளியலறைக்கும் மாடிப்படிக்கும் பத்தடிதான். நுரையோடு வந்து நிற்பது வேஷமாக இருந்தால் யார் கண்டது.

வியாழக்கிழமை காலை, துணியில் கோடு போடுகிற நீலச் சாக்கட்டியைச் சுரண்டிப் பொடியாக்கி, யாரும் பார்க்காதபோது குமிழ் முழுக்கப் பூசி வைத்தாள். தொட்டவர் விரல் காட்டிக் கொடுத்துவிடும்.

மதியம் இரண்டு மணிக்குக் குளியலறையிலிருந்து சத்தம் வந்தது. ஓடினாள். குமிழ் ஆஃபில் இருந்தது. சாக்கட்டிப் பொடி வழித்து எடுக்கப்பட்டிருந்தது.

மாமா கையை வாங்கிப் பார்த்தாள். சுத்தம். நாத்தனார் கையைப் பார்த்தாள். தண்ணீரில் ஊறி வெளுத்த கை, சோப்பு வாசனை. கழுவியிருக்கலாமே என்று மனசு சொன்னது. நாத்தனாருக்கு விஷயம் புரிந்ததும் கோபத்துக்குப் பதில் சிரிப்பு வந்தது.

"முதல்ல உன் கையைப் பாரு."

மருமகளின் விரல்கள் நீலமாக இருந்தன. தையல்காரி விரல் வேறு எந்த நிறத்தில் இருக்கும்? சாயங்காலம் கணவன் வந்து கதையைக் கேட்டுவிட்டு அந்த விரல்களைக் கொஞ்சம் கூடுதல் நேரம் பார்த்தான். அதுதான் அவளுக்குச் சுருக்கென்று தைத்தது.

அவள் டார்ச்சோடு திரும்பப் போய் உள்ளே தேடினாள். ஹீட்டரின் வெள்ளை உடம்பில், தோள் உயரத்தில், யாரோ சாய்ந்து ஊன்றியதுபோல் ஒரு கைத்தடம். நீலம். அவள் உள்ளங்கையைவிட இரண்டு மடங்கு அகலம்.

கட்டை விரல். பிறகு ஒரு இடைவெளி. பிறகு மூன்று விரல்கள்.

ஆள்காட்டி விரல் இருக்க வேண்டிய இடம் வெள்ளையாக இருந்தது.

அந்த வீட்டில் எல்லோருக்கும் கைக்கு ஐந்து விரல் உண்டு. அவள் கணவனைக் கூட்டிவந்து காட்டினாள். "விரலை மடக்கி வச்சிருப்பாங்க," என்று சொல்லிவிட்டு அவன் கடைக்குப் போய்ப் பூட்டு வாங்கி வந்தான். அறையைப் பூட்டிச் சாவியை அக்காவிடம் கொடுத்தான். மனைவியிடம் கொடுக்கவில்லை.

வெள்ளிக்கிழமை மதியம் நாத்தனார் அறையைத் திறந்து, மெக்கானிக் சொன்னபடி காத்திருந்து, சுடரை ஏற்றிப் பூட்டினாள். பிறகு, தூங்கப் போன அப்பாவின் அறைக் கதவையும் வெளியே தாழ் போட்டாள்.

"அதுக்கு என்னத்துக்கு அண்ணி தாழ்ப்பாள்?"

"ஒரு நாள்தானே. நாளைக்குக் காலையில வண்டி வந்துடும்."

சாவியை எடுத்துக்கொண்டே குளியலறைக்குள் போனாள். தண்ணீர் ஓட ஆரம்பித்தது. மருமகள் மாடியில் மிஷினில் உட்கார்ந்தாள். தைக்கவில்லை. கீழே ஹீட்டர் உறுமுவதைக் காது கொடுத்துக் கேட்டுக்கொண்டிருந்தாள். பூட்டிய அறை. இன்று அணையாவிட்டால் பழி மாமா தலையில் நிரந்தரமாக விழும். அணைந்தால்?

அரை மணி போனது.

டக்.

உறுமல் நின்றது.

அவள் இறங்கினாள். படி ஒவ்வொன்றும் முனகியது. கீழே ஹீட்டர் அறையில் பூட்டு தொங்கிக்கொண்டிருந்தது, தொட்டுப் பார்த்தாள், இறுக்கமாக. நனைந்த இரும்பு வாடை மூக்கைப் பிடித்தது. இத்தனை பலமாக அது வந்ததே இல்லை. மரச்சட்டங்களுக்கு நடுவே குனிந்து பார்த்தாள். இருட்டு.

இருட்டு மூச்சு விட்டது.

மாடி ஏறி வந்தவன் விடுகிற மாதிரி, கனமான, இழுத்து இழுத்து வருகிற மூச்சு.

"யாரு?" என்றாள். குரல் அவளுக்கே கேட்கவில்லை.

அவள் முகத்துக்கு நேரே, சட்டத்தின் இடுக்கு வழியாக, உள்ளிருந்து விரல்கள் வெளியே வந்து மரத்தைப் பற்றின. நீலம் படிந்த விரல்கள்.

மூன்று.

விரல்கள் மெதுவாகப் பின்வாங்கின. பிறகு உள்ளே புகைக்குழாயில் யாரோ தட்டினார்கள்.

டங்.

சற்று மேலே, டங்.

இன்னும் மேலே. தட்டல் குழாயோடு ஏறி, கூரைக்குக் கீழே, வலது பக்கமாக வளைந்து, மாமாவின் அறைச் சுவர் உச்சியில் வந்து நின்றது. அந்தக் கம்பி வலை இருக்கும் இடத்தில்.

அதற்குப் பிறகு அமைதி. அந்த அமைதியில்தான் அவளுக்கு உறைத்தது: மாமாவின் குறட்டை கேட்கவில்லை.

தாழ்ப்பாளைத் தள்ளித் திறந்தாள். அறை குளியலறைபோலப் புழுங்கியது. ஜன்னல் கண்ணாடியில் ஆவி. பெரியவர் கட்டிலில் கிடந்தார், கன்னம் இரண்டும் விசித்திரமாகச் சிவந்திருந்தது. "மாமா" என்று உலுக்கினாள். இமை லேசாக அசைந்தது. அக்குளில் கை கொடுத்து அவரை இழுத்தாள். அவளுக்கே மண்டை விண்ணென்றது. கூடத்தைக் கடந்து, வாசலைத் தாண்டித் தெருவில் கொண்டுபோய்ப் போட்டபோது, நாத்தனார் நுரையோடு ஓடி வந்து, "மறுபடியும் அணைச்சிட்டாரா?" என்று கத்த ஆரம்பித்து, அப்பாவின் முகத்தைப் பார்த்துப் பாதியில் நிறுத்தினாள்.

ஆஸ்பத்திரியில் ஆக்ஸிஜன் வைத்தார்கள். இன்னும் அரை மணி அந்த அடுப்பு எரிந்திருந்தால் எங்களிடம் கொண்டுவந்து பயனில்லை என்றார் டாக்டர். வாடை இல்லாத விஷக்காற்று, கொஞ்சம் கொஞ்சமாக ஒரு மாதமாக மூளையில் ஏறியிருக்கிறது, மறதி அதனால்தான் என்றார். நாத்தனார் அங்கிருந்தே இல்லத்துக்குப் போன் போட்டு வண்டி வேண்டாம் என்றாள்.

சனிக்கிழமை முதியோர் இல்லத்து வண்டி வரவில்லை. மெக்கானிக்கின் வண்டி வந்தது. இந்தத் தடவை அவர் ஏணியை இறக்கிக் கூரையில் ஏறினார். வெகுநேரம் கழித்துக் கீழே வந்தபோது கையில் ஒரு கூடை அளவுக்குப் பறவைக்கூடு, சுள்ளி, உடைந்த ஓட்டுத் துண்டுகள்.

"குழாய் அடியோட அடைச்சிருந்துச்சும்மா. புகை மொத்தமும் திரும்பி அந்த வலை வழியா பெரியவர் ரூமுக்குத்தான் போயிருக்கு."

உள்ளே போனவர், டார்ச் வெளிச்சத்தில் ஹீட்டர் மேலிருந்த கைத்தடத்தைப் பார்த்தார். பிறகு மஞ்சள் அட்டையைத் திருப்பி முதல் வரியைக் காட்டினார். அங்கே மங்கிப்போன மையில் ஒரு கையெழுத்து இருந்தது.

"இது எனக்குத் தொழில் கத்துக் கொடுத்தவர் போட்டது. பைப் வெட்டுற மிஷின்ல ஆள்காட்டி விரல் போச்சு. நாலு விரல் அண்ணன்னு கூப்பிடுவோம். முழங்கால் வலி, ஏணி ஏற மாட்டார். கீழ நின்னே நாலு கட்டத்துலயும் டிக் அடிச்சிட்டு வந்துடுவார். பதினோரு வருஷத்துக்கு முன்னாடி இதே ரூம்ல, இதே மாதிரி ஒரு பெரியவர். தூங்கினவர் எழுந்திரிக்கல. அதுக்கப்புறம் அண்ணன் தொழிலுக்கு வரல. ‘ஏறிப் பாத்திருக்கணும்டா’ன்னு அது ஒண்ணைத்தான் சாகிற வரைக்கும் சொல்லிக்கிட்டு இருந்தார்."

மெக்கானிக் அட்டையின் கடைசி வரிக்கு, தன் கையெழுத்துக்கு, விரலை நகர்த்தினார்.

"அந்தப் பழக்கம் எனக்கும் ஒட்டிக்கிச்சும்மா. மூணு தடவை வந்தேன். ஏணி வண்டி மேலயே இருந்துச்சு. நான் ஏத்தி வச்சதை அவர் வந்து வந்து அணைச்சிருக்கார்."

ஐந்து நிமிஷம் காத்திருந்து சுடரை ஏற்றினார். அட்டையில் டிக் அடித்தார். கைத்தடத்தைத் துடைக்கத் துணியை எடுத்தவர், அப்படியே மடித்துப் பையில் வைத்துக்கொண்டார்.

அதன்பிறகு ஹீட்டர் ஒரு நாளும் அணையவில்லை. மாமாவுக்கு மூன்று வாரத்தில் பழைய தெளிவு திரும்பியது. ஒரு காலையில் காபி டம்ளரோடு உட்கார்ந்து, ஐந்து நாற்பதில் தொடங்கி டிப்போவின் முழு அட்டவணையையும் ஒப்பித்தார். கணவன் மனைவியின் கையைப் பிடித்து, அந்த நீல விரல்களைக் கண்ணில் ஒற்றிக்கொண்டான். மன்னிப்பு என்ற சொல் நாத்தனார் வாயில் வராது. அதற்குப் பதில், "பத்து நாள் எங்க வீட்டுல வந்து இருங்கப்பா, நான் பாத்துக்கறேன்," என்று அப்பாவைக் கூட்டிப் போனாள்.

அவர் கிளம்பிய சாயங்காலம் மருமகள் ஹீட்டர் அறையைத் திறந்தாள். சுடர் எரிந்தது. அந்த இரும்பு வாடை இல்லை. வெள்ளை உருளையில் கைத்தடமும் இல்லை, யாரோ துடைத்த மாதிரி பளிச்சென்று இருந்தது. போய்விட்டார், வேலை முடிந்தது என்று நினைத்துக்கொண்டாள். நிம்மதியாகவும் இருந்தது, என்னவோ ஒரு துணை போன மாதிரியும் இருந்தது.

மூன்றாம் நாள் மதியம் போன் அடித்தது. நாத்தனார். கிசுகிசுவென்று பேசினாள்.

"உன் சாக்கட்டி எதையாவது அப்பா எடுத்துட்டு வந்தாரா?"

"இல்லையே. என்ன அண்ணி?"

"இங்க ஹீட்டர் அணைஞ்சு போச்சு. நாப் ஆஃப்ல இருக்கு. சத்தியமா அப்பா இல்ல, என் கண்ணு முன்னாடி சோபாவுல தூங்கறாரு. அதுக்குப் பக்கத்துல சுவத்துல நீலமா..." அவள் நிறுத்தினாள்.

"எத்தனை விரல்?"

எதிர்முனையில் எங்கோ குழாய் சொட்டுவது கேட்டது.

"நாலு."

"மாமாவை எழுப்பிக்கிட்டு வெளிய வாங்க. இப்பவே. செருப்புகூட மாட்ட வேணாம்."

"கேஸ் வாடையே வரலையே..."

"அதுக்கு வாடை கிடையாது அண்ணி. ஓடுங்க."

போனைக் கீழே போடுகிற சத்தம். "அப்பா, எழுந்திரிங்க" என்ற குரல். தடதடவென்று ஓடும் கால்கள், கதவு, பிறகு யாருமில்லாத வீடு.

மருமகள் காதிலிருந்து போனை எடுக்கவில்லை. அந்த யாருமில்லாத வீட்டுக்குள் தகரத்தில் எதுவோ மோதியது.

டங்.

கொஞ்சம் மேலே, மறுபடி டங்.

முழங்கால் வலிக்காரன் ஏணி ஏறுகிற நிதானத்தில், படி படியாக, அது மேலே போய்க்கொண்டிருந்தது.